மாணிக்கப் பள்ளத்தாக்கும் மனிதப் பெயர்களும்

1

கொங்கோ நாட்டின் நடுப்பகுதியில் கிழக்குக் கசாய் என்றொரு மாகாணம் இருந்தது. 2015ஆம் ஆண்டில் அது மூன்று மாகாணங்களாகப் பிரிக்கப்பட்டுவிட்டது. அந்தப் பழைய மாகாணத்தைப் பற்றிய புவியியற் குறிப்புகளைப் புரட்டினால் பெரும்பாலும் முதல் வரியிலேயே வைரம் வந்துவிடுகிறது. இயந்திரத் தொழில்களுக்கு வேண்டிய வைரம் அங்கே ஏராளம், தலைநகராகிய முபுஜி-மாயி வைரத்தால் வளர்ந்த நகரம், பின்னர் ஆறுகள், பின்னர் புல்வெளிகள். இவையெல்லாம் வரிசையாக முடிந்த பிறகே அம்மண்ணில் வாழும் லூபா மக்கள் கடைசிப் பத்தியில் தலைகாட்டுகிறார்கள்.

இந்த வரிசை தற்செயலாக அமைந்ததன்று. "வைரவளம் மிக்க மாகாணம்" என்ற தொடரையே எடுத்துக்கொள்வோம். வளம் யாருக்கு என்ற கேள்வி எழாதபடி அமைந்த தொடர் அது. 1906இல் பெல்ஜிய மன்னர் லியோபோல்டின் ஆதரவுடன் தோன்றிய போர்மினியே என்னும் கம்பெனியின் கணக்கேட்டில் அந்த வளம் இலாபமாயிற்று. சுரங்கத்தில் இறங்கியவனின் வீட்டில் அது சோறாகவில்லை. 1960இல் கொங்கோ விடுதலை பெற்றதும் கலொஞ்சி என்பவர் அப்பகுதியைத் தனிநாடாகப் பிரித்தபோது அதற்கு இட்ட பெயர் "தென் கசாய்ச் சுரங்க நாடு" என்பதாகும். மக்களின் பெயரால் அன்றிச் சுரங்கத்தின் பெயரால் ஒரு நாடு! அதன் பின்னணியில் பெல்ஜிய வைரக் கம்பெனியின் கை இருந்தது. அதே ஆண்டுக் குழப்பத்தில் வீழ்த்தப்பட்ட பிரதமர் பற்றிஸ் லுமும்பா 1961 சனவரியில் கொலையுண்டார். புவியியல் நூலின் முதல் வரிக்கும் அந்தக் கொலைக்கும் தொடர்பில்லை என்று நாம் கருதுவோமானால், எழுத்தின் வலிமையை நாம் அறியாதவர்களாவோம்.

ஒரு மண்ணை எழுதும் முறையே அந்த மண்ணை ஆளும் முறைக்கு முன்னுரையாக அமைகிறது. இக்கருத்தை ஆராய நாம் கொங்கோ வரை போகவேண்டியதில்லை. நம் நுவரெலியாவே போதும்.

2

நுவரெலியாவைத் தேயிலையின் ஊர் என்று மட்டுமே இன்று உலகம் அறிகிறது. ஆனால் தேயிலைக்கு முன்னே கோப்பி இருந்தது; கோப்பிக்கும் முன்னே மணிக்கற்கள் இருந்தன. சாமுவேல் பேக்கர் என்னும் ஆங்கிலேயர் 1855இல் வெளியிட்ட இலங்கை நினைவு நூலில் நுவரெலியாச் சமவெளியின் ஒரு பகுதியை "மாணிக்கப் பள்ளத்தாக்கு" என்று குறிக்கிறார். முற்காலத்தில் மணிக்கற்களுக்காகத் தோண்டிக் கைவிடப்பட்ட குழிகளை அவர் அங்கே கண்டார். தாமும் தோண்டிப் பார்த்தார். பொகவந்தலாவையின் ஆற்றுப்படுகைகளில் சட்டத்துக்குப் புறம்பாகக் கல் அகழ்வோரைப் பற்றிய செய்திகள் நம் காலத்திலும் வந்துகொண்டிருப்பதை நினைத்தால், அந்தப் பள்ளத்தாக்கின் ஆசை இன்னும் அடங்கவில்லை என்பது விளங்கும்.

பேக்கர் நுவரெலியாவில் ஓர் ஆங்கிலக் கிராமத்தையே நிறுவ முனைந்தவர். 1848இல் இங்கிலாந்திலிருந்து குடியானவர்களையும் கொல்லனையும் உயர்சாதிக் கால்நடைகளையும் கலப்பைகளையும் வேட்டை நாய்களையும் கப்பலேற்றிக் கொண்டுவந்தார். அவர் எழுத்தை நாம் வெறுமனே பழித்து ஒதுக்கிவிட முடியாது. அவரிடம் கூரிய கண் இருந்தது. மலைநாட்டு மண், காட்டின் பச்சையைப் பார்த்து எண்ணுவதுபோல் அத்துணைச் செழிப்பானதன்று என்பதை அவர் அறிந்து சொன்னார். தமது பயிர் புழுவாலும் காட்டு விலங்குகளாலும் அழிந்ததையும், கொண்டுவந்த மாடுகளும் குதிரைகளும் மாண்டுபோனதையும் அவர் மறைக்கவில்லை. கைவிடப்பட்ட குழிகளைக் கண்டவுடன், இங்கே முன்பு மனிதர் கூட்டமாக உழைத்திருக்கவேண்டும் என்று சிந்திக்கும் வரலாற்றுணர்வும் அவருக்கு இருந்தது. தோல்வியை நகைச்சுவையோடு சொல்லத் தெரிந்த எழுத்தாளர் அவர்.

அப்படியானால் குறை எங்கே? இறந்துபோன சுரங்கத் தொழிலாளியைக் குழியிலிருந்து ஊகித்தறிந்த அதே கண், கண்ணெதிரே உயிரோடு நின்ற தொழிலாளியை மனிதனாகக் காணவில்லை. அவர் நுவரெலியாவில் வாழ்ந்த ஆண்டுகளில் தென்னிந்தியக் கிராமங்களிலிருந்து கோப்பித் தோட்டங்களுக்கு மக்கள் கூட்டங்கூட்டமாக நடந்து வந்துகொண்டிருந்தார்கள். மன்னார்க் கரையில் இறங்கி, வறண்ட வன்னிக் காடுகளைக் கடந்து, மாத்தளை வழியாக மலையேறினார்கள். வாந்திபேதிக்கும் காய்ச்சலுக்கும் பட்டினிக்கும் இரையாகி வழியிலேயே விழுந்தவர்கள் ஆயிரக்கணக்கானோர். பேக்கரின் பக்கங்களில் இவர்கள் "கூலிகள்" என்ற சொல்லுக்குள் வருகிறார்கள். வேலை முடிந்ததும் மறைகிறார்கள்.

அவர் 1850களில் எழுதிய மற்றொரு நூல் இலங்கையில் துப்பாக்கியும் நாயும் கொண்டு ஆடிய வேட்டையைப் பற்றியது. அதில் அவருடைய வேட்டை நாய்களுக்குப் பெயர் உண்டு. சுமட், கில்பக், புளூபியட், பிரான் என்று ஒவ்வொன்றுக்கும் தனிக் குணமும் வீரமும் சாவும் உண்டு. அவற்றுக்காக இரங்கும் வரிகளும் உண்டு. காடு வெட்டிப் பாதை திறந்த தமிழ்த் தொழிலாளிக்கு அந்த நாய்களுக்குக் கிடைத்த இடத்தில் ஒரு பங்கேனும் கிடைக்கவில்லை. பேக்கரைக் கொடியவர் என்று சாடுவதற்காக நாம் இதைச் சொல்லவில்லை. நல்ல நடையும் நேர்மையான நோக்கும் உள்ள ஓர் எழுத்தாளனைக்கூட அவன் சார்ந்து நிற்கும் வர்க்கம் எந்த அளவுக்குக் குருடாக்கும் என்பதற்கு இதைவிட வெளிப்படையான சான்று தேவையில்லை என்பதற்காகவே சொல்கிறோம்.

3

பெயர் என்பது சிறிய செய்தியன்று. ஒரு மண்ணின் மீது உரிமை கொண்டாடுபவன் முதலில் செய்வது அதற்குப் பெயரிடுவதேயாகும்.

1840ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டம், பயிரிடப்படாத காடும் தரிசும் யாவும் முடிக்குரியவை என்று அறிவித்தது. உறுதி காட்ட முடியாத கண்டிக் கிராமத்தான் தன் சேனை நிலத்தையும் மேய்ச்சற் காட்டையும் இழந்தான். ஏக்கர் ஐந்து சிலிங் என்ற விலையில் அவை விற்கப்பட்டன. வாங்கியவர்களில் அரச உத்தியோகத்தரும் பலர் இருந்தனர். வாங்கியதும் பெயர் சூட்டு விழா தொடங்கிற்று. ஸ்கொத்லாந்தின் ஊர்களும் கோட்டைகளும் கதைகளும் நம் மலைகளின் மேல் வந்து குந்தின. ஹட்டன் என்ற பெயரே அங்கிருந்து வந்ததுதான். ஹோலிறூட், பல்மோரல் ஆகியவை அரண்மனைப் பெயர்கள். வேவர்லி, வால்ட்டர் ஸ்கொட்டின் நாவல். அபொட்ஸ்போர்ட், அவருடைய மாளிகை. பூண்டுலோயாவில் உள்ள டன்சினன், சேக்ஸ்பியரின் மக்பெத் நாடகத்தில் வரும் குன்று. அந்த நாடகத்தில் கொடுங்கோலனை வீழ்த்தக் காடே பெயர்ந்து டன்சினன் குன்றை நோக்கி வருகிறது. நம் டன்சினனிலோ குன்றைப் பிடித்தவர்கள் காட்டையே இல்லாமற் செய்துவிட்டார்கள். இலக்கியத்தை ரசிப்பதற்கும் அநீதியைச் செய்வதற்கும் ஒரே மனத்தில் இடமிருந்தது என்பதை இப்பெயர்கள் இன்றும் சொல்லிக்கொண்டிருக்கின்றன.

மண்ணுக்கு இப்படிப் பெயர் வழங்கியவர்கள் மனிதனின் பெயரை என்ன செய்தார்கள்? தோட்டத்து வழக்கில் "பேர்" என்ற சொல்லுக்கு வேறொரு பொருள் உண்டு. செக்ரோலில் ஒருநாள் வேலைக்கு விழும் பதிவுதான் "பேர்". குறித்த இறாத்தல் கொழுந்து நிறைந்தால் ஒரு பேர், நிறையாவிட்டால் அரைப்பேர். தாயும் தகப்பனும் ஆசையோடு இட்ட பெயர் கணக்கப்பிள்ளையின் ஏட்டில் ஒருநாள் கூலியாகச் சுருங்கிற்று. மனிதனைப் பாதியாக வெட்டி எழுத முடியும் என்பதை உலகின் எந்த இலக்கணமும் கூறவில்லை. தோட்டத்து இலக்கணம் கூறிற்று. இச்சொல்லைப் படைத்தவர் எவராயினும், அதை அன்றாடம் உச்சரித்த மக்களின் நாவில் அது கசப்போடுதான் வாழ்ந்திருக்கவேண்டும். ஒரு முழு அரசியற் பொருளாதார நூல் இந்த ஒரு சொல்லுக்குள் அடங்கிக் கிடக்கிறது.

இங்ஙனமே "துண்டு" என்ற சொல்லும். ஒரு தோட்டத்திலிருந்து மறு தோட்டத்துக்குப் போக விரும்பும் தொழிலாளியின் கடனைக் குறித்துத் துரை எழுதிக் கொடுத்த சீட்டு அது. கடனைத் தீர்ப்பவரிடம் ஆளை ஒப்படைக்கும் அந்த முறை 1921 வரை சட்டத்தின் தடையின்றி நடந்தது. அடிமைமுறை இலங்கையில் 1844இலேயே ஒழிக்கப்பட்டுவிட்டது என்று வரலாற்று நூல் கூறும். நூல் கூறுவது பொய்யன்று. ஆனால் அது முழு மெய்யும் அன்று.

4

பேக்கரின் கதை நுவரெலியாவோடு முடியவில்லை. 1855இல் இலங்கையை விட்டு நீங்கிய அவர் பின்னர் ஆபிரிக்காவுக்குப் போனார். 1864இல் ஓர் ஏரியைக் கண்டு அதற்கு விக்டோரியா மகாராணியின் கணவரான அல்பேட்டின் பெயரைச் சூட்டினார். அந்த ஏரியின் கரையில் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்தவர்கள் அதைப் பெயரில்லாமலா அழைத்திருப்பார்கள்? 1869இல் எகிப்திய ஆட்சியாளர் அவரை நைல் நதியின் மேற்பகுதிக்கு ஆளுநராக நியமித்தார். ஆண்டுக்குப் பத்தாயிரம் பவுண் சம்பளம், நான்காண்டுப் பதவி. ஏகுவதோரியா என்னும் மாகாணம் இவ்வாறு தோன்றிற்று. அடிமை வணிகத்தை ஒழிப்பது அவருக்கு இடப்பட்ட பணி; கூடவே நாட்டை இணைப்பதும் பணி. கொண்டொகோரோ என்ற ஊரில் கொடியேற்றி அதற்கு இஸ்மாயிலியா என்று எசமானரின் பெயரை இட்டார். 1872இல் புன்யோரோ மக்களோடு மாசிண்டியில் போரிட்டு, ஊரை எரித்துப் பின்வாங்கினார். அந்த மாகாணமும் இன்று பழங்கதை. அதன் நிலம் தென் சூடானிலும் உகண்டாவிலுமாகக் கிடக்கிறது.

நுவரெலியாவில் வேட்டைக்காரனாகவும் குடியேற்றக்காரனாகவும் எழுதத் தொடங்கிய அதே பேனைதான் ஆபிரிக்காவில் ஆளுநரின் அறிக்கையை எழுதிற்று. முதலில் வருணனை, அடுத்துப் பெயர், அதற்கடுத்துக் கொடி என்ற வரிசை இரண்டு இடங்களிலும் ஒன்றே.

இன்னுமோர் ஒற்றுமையைக் காண்போம். ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரவில் வணிகத்துக்காகத் தேயிலை பயிரிட்ட ஆண்டாக 1867 கொள்ளப்படுகிறது. தென்னாபிரிக்காவில் ஒறேஞ்சு ஆற்றருகே முதல் வைரம் அடையாளம் காணப்பட்டதும் அதே 1867தான். அங்கே கிறீக்குவா மக்களும் பிறரும் வாழ்ந்த நிலத்தின் மீது அதுவரை எவருக்கும் பெரிய அக்கறை இருந்ததில்லை. வைரம் தோன்றியதும் அக்கறையும் தோன்றிற்று. கிறீக்குவாத் தலைவர் வாற்றர்போயருக்கே நிலம் உரியது என்று 1871இல் தீர்ப்பாயிற்று. பிரித்தானியப் பாதுகாப்பை அவர் நாடியிருந்ததால், அதே ஆண்டிலேயே நிலம் பிரித்தானியருக்கு ஆயிற்று. மேற்குக் கிறீக்குவாலாந்து என்னும் அந்தத் தனி மாகாணம் 1880இல் கேப் குடியேற்றத்துக்குள் கரைந்துபோயிற்று. ஒன்பதாண்டு வாழ்ந்த அந்த மாகாணத்தை வரைபடத்தில் கீறியது வைரம், அழித்ததும் வைரம். அகழ்வு நகருக்குக் கிம்பளி என்று குடியேற்ற நாட்டு மந்திரியின் பெயர் சூட்டப்பட்டது. 1880களின் நடுவிலிருந்து ஆபிரிக்கத் தொழிலாளர், ஒப்பந்தக் காலம் முடியும்வரை வெளியேற முடியாத அடைப்பு முகாம்களில் வைக்கப்பட்டனர். நம் லயத்துக்கு மதில் இல்லை; துண்டும் கடனுமே மதிலாக நின்றன.

ஆனால் கிம்பளி நமக்கு மற்றொரு பாடத்தையும் தருகிறது. அந்நகரின் தபாற் கந்தோரில் 1894இல் கடிதம் சுமக்கும் வேலைக்குச் சேர்ந்த ஓர் ஆபிரிக்க இளைஞர் பிற்காலத்தில் பெரும் எழுத்தாளரானார். அவர் சொல் பிளாட்ஜி. 1913இன் நிலச் சட்டம் நாட்டின் நூற்றுக்கு ஏழு பங்களவே கறுப்பு மக்களுக்கு ஒதுக்கியபோது, நிலமிழந்து தெருவில் அலைந்தவர்களை நேரிற் சென்று கண்டு 1916இல் நூலாக எழுதினார். 1930இல் வெளிவந்த மூடி என்னும் நாவலில் தம் மக்களின் கடந்த காலத்தை அவர்களுடைய பக்கத்திலிருந்து சொன்னார். தம் மொழியின் பழமொழிகளைத் தொகுத்தார். சேக்ஸ்பியரைத் தம் தாய்மொழிக்குக் கொண்டுவந்தார். தோட்டத்துரை சேக்ஸ்பியரிடமிருந்து ஒரு குன்றின் பெயரை எடுத்து இன்னொருவரின் குன்றின் மேல் ஒட்டினான். பிளாட்ஜியோ சேக்ஸ்பியரையே எடுத்துத் தம் மக்களின் நாவில் பேசவைத்தார். இவ்விரண்டுக்கும் உள்ள வேறுபாடுதான் ஆதிக்கப் பண்பாட்டுக்கும் மக்கட் பண்பாட்டுக்கும் உள்ள வேறுபாடு.

5

நமக்கும் ஒரு பிளாட்ஜி இருந்தார். மடகொம்பரைத் தோட்டத்தில் 1914இல் பிறந்து, 1947இல் தலவாக்கலைத் தொகுதியின் பாராளுமன்ற உறுப்பினராகத் தெரிவான சி. வி. வேலுப்பிள்ளை அவர்களையே குறிப்பிடுகிறோம். அவரும் ஆள்வோரின் மொழியில் எழுதினார். அவரும் தொழிலாளரின் வாய்மொழியைத் தொகுத்தார். 1954இல் அவர் ஆங்கிலத்தில் வெளியிட்ட தேயிலைத் தோட்டக் கவிதை நூலைப் பின்னர் சக்தி பால ஐயா தமிழாக்கினார். அதே மலைகளின் பனியும் சரிவும் அக்கவிதையிலும் வருகின்றன. ஆனால் அவை காட்சிப் பொருளாக நிற்கவில்லை. பேக்கருக்குக் கைவிடப்பட்ட மணிக்குழி எதுவோ, அதுவே வேலுப்பிள்ளைக்குத் தேயிலைத் தூரின் அடி. அங்கே புதைந்து கிடப்பவன் தன் பாட்டன் என்பதை அவர் அறிவார். மண்ணைப் பற்றிய அறிவும் மனிதனைப் பற்றிய அறிவும் அவரிடத்தில் ஒன்றாகிவிட்டன. மலைநாட்டின் உண்மையான புவியியல் அந்த இடத்திற்றான் தொடங்குகிறது.

அவருக்கு முன்னோடிகள் இல்லாமலில்லை. பிஜித் தீவின் கரும்புத் தோட்டத்துப் பெண்களுக்காகப் பாரதி கலங்கினான். புதுமைப்பித்தன் 1930களில் எழுதிய துன்பக்கேணி, மருதி என்னும் பெண்ணின் வாழ்வினூடே இலங்கைத் தேயிலைத் தோட்டத்தைத் தமிழ்க் கதையுலகுக்குக் காட்டிற்று. 1931இல் ஹட்டனைத் தளமாகக் கொண்டு தொழிற்சங்கம் அமைத்த நடேசய்யரும், மேடைகளிற் பாடிய அவர் துணைவியார் மீனாட்சியம்மாளும், பாட்டையே துண்டுப் பிரசுரமாக்கினார்கள். பின்வந்தோருள் என். எஸ். எம். இராமையாவின் "ஒரு கூடைக் கொழுந்து" கொழுந்து பறிக்கும் ஒரு பெண்ணின் கைத்திறனையே கதைப்பொருளாக்கிற்று. தொழிலாளியை இரக்கத்துக்குரிய உருவமாக மட்டும் காட்டாமல், தொழிலை அறிந்தவளாகவும் தன்மானம் உள்ளவளாகவும் காட்டிய அக்கதையின் சிறப்பை நாம் இன்னும் முழுமையாக உணர்ந்தோமில்லை. தெளிவத்தை ஜோசப் தம் சிறுகதைத் தொகுதி ஒன்றுக்கு "நாமிருக்கும் நாடே" என்று தலைப்பிட்டது வெறும் அலங்காரமன்று; குடியுரிமை பறிக்கப்பட்ட மக்களின் வாயிலிருந்து வரும்போது அது ஓர் அரசியல் வாதம்.

இத்துணைப் பெருமையையும் கூறிய நாம் குறைகளையும் கூறாவிட்டால் விமரிசனம் முகமனாகிவிடும்.

முதற் குறை, வாய்பாடு. மலையகத்தைப் பற்றி எழுதப்படும் கவிதைகளிற் பல, குருதி உரமாயிற்று, வியர்வை நீராயிற்று, எலும்பு எருவாயிற்று என்ற தொடர்களோடு நிறைவடைந்துவிடுகின்றன. முதன்முதலாகச் சொன்னவனுக்கு அது அனுபவம். நூறாவது முறை சொல்பவனுக்கு அது அச்செழுத்து. பெயரில்லாத கூலியைப் பேக்கர் எழுதினார். பெயரில்லாத தியாகியை நாம் எழுதுகிறோம். இரண்டிலும் மனிதன் காணாமற் போகிறான். எந்த மலை, எந்த ஆண்டு, எந்தப் பிரட்டுக்களம், எந்தக் கோரிக்கை என்று சொல்லாத துயரம் வாசகனைக் கண்ணீர்விட வைக்கலாம், சிந்திக்க வைக்காது. 1940இல் முல்லோயாவில் கூலி உயர்வுக்கான போராட்டத்தில் துப்பாக்கிச் சூட்டுக்குப் பலியான கோவிந்தனும், 1977இல் ஏழாயிரம் ஏக்கர் தோட்டக் காணியைப் பறிப்பதை எதிர்த்த கிளர்ச்சியில் டெவன் தோட்டத்தில் உயிர்நீத்த சிவனு இலட்சுமணனும் நம் கவிதைகளில் பெயரோடும் இடத்தோடும் நிலைபெற வேண்டாமா?

இரண்டாவது குறை இன்னும் பாரதூரமானது. நம் இலக்கியத்தில் மலைக்கு அடிவாரத்துச் சிங்களக் கிராமம் பெரும்பாலும் இல்லை. வந்தாலும் காடையனாகவோ கடைக்காரனாகவோதான் வருகிறது. 1818இல் ஊவாக் கிளர்ச்சி அடக்கப்பட்டபோது எரிக்கப்பட்ட கிராமங்களும், 1840இன் சட்டத்தால் பறிபோன காடுகளும் அக்கிராமத்தாருடையவை. 1951இல் வெளியான கண்டி விவசாயிகள் ஆணைக்குழுவின் அறிக்கை அவர்களுடைய வறுமையைத்தான் பேசிற்று. நிலத்தை இழந்தவன் ஒருவன். அந்நிலத்தில் உழைப்பை இழந்தவன் இன்னொருவன். இருவரையும் எதிரெதிரே நிறுத்தி வைத்ததில்தான் ஆண்டவர்களின் வெற்றி அடங்கியிருந்தது. 1948இன் குடியுரிமைச் சட்டமும் அதன் பின் வந்த வன்செயல்களும் அந்தப் பகைமையிற் குளிர்காய்ந்தவை. முற்போக்கு எழுத்தாளன் இப்பகைமையின் வேரைக் காட்டவேண்டியவன். அடுத்த வீட்டுக்காரனைக் காணாத எழுத்து, எத்துணை ஆவேசமாக இருந்தபோதிலும், பாதிக் குருட்டெழுத்தே.

மூன்றாவது, காலம் நின்றுபோதல். கூடை சுமந்த பெண்ணோடு நம் கற்பனை உறைந்துவிட்டது. அவளுடைய மகள் ஆடைத் தொழிற்சாலையில் ஊசியோடு நிற்கிறாள். மகன் கொழும்புக் கடையொன்றில் கணக்கெழுதுகிறான். இன்னொருத்தி மேற்காசியாவில் பிறர் வீட்டுச் சமையலறையில் நிற்கிறாள். மலையகத்தின் எல்லை மலையோடு முடியவில்லை என்பதை நம் எழுத்து இன்னும் போதியளவு அறியவில்லை.

6

இவற்றையெல்லாம் ஏன் இத்துணை விரிவாகப் பேசுகிறோம்? வகுப்பறையில் பேக்கரின் வாரிசு இன்னும் வாழ்கிறது என்பதற்காகவே.

நுவரெலியா கடல் மட்டத்துக்கு மேல் ஏறத்தாழ 1,870 மீற்றர் உயரத்தில் உள்ளது. பீதுருதலாகலை 2,524 மீற்றர். நாலாயிரம் அடிக்கு மேல் விளைவது உயர்நிலத் தேயிலை, அதன் நறுமணம் உலகப் புகழ் பெற்றது என்று மாணவன் மனனஞ் செய்கிறான். தேர்வில் எழுதுகிறான், புள்ளியும் பெறுகிறான். அந்த உயரத்தின் குளிரில் மழைக்குக் கறுப்புக் கம்பளியை மடித்துப் போட்டுக்கொண்டு நின்றவள் தன் பாட்டி என்பது பாடத்தில் இல்லை. காசல்றீ, மவுஸ்ஸாகலை நீர்த்தேக்கங்கள் எத்தனை மெகாவாற் மின்சாரத்துக்கு உதவுகின்றன என்று படிக்கிறான். மவுஸ்ஸாகலை நீர் தாழும்போது பழைய மஸ்கெலியாவின் கோயில் தலைகாட்டுகிறது என்பதும், அந்த மின்சாரம் கொழும்பின் தெருக்களை ஒளிரச் செய்த காலத்தில் அணைக்கட்டின் அருகேயிருந்த லயங்களில் குப்பி விளக்கே எரிந்தது என்பதும் பாடத்தில் இல்லை. புகைவண்டிப் பாதை 1884இல் ஹட்டனையும் 1885இல் நானுஓயாவையும் அடைந்தது என்று ஆண்டைப் படிக்கிறான். சுரங்கப் பாதையைக் குடைந்த கைகளைப் படிக்கவில்லை.

எண்களை நாம் வெறுக்கவில்லை. எண்களும் பேசும், பேச வைத்தால். 1964இல் சிறிமாவோ - சாஸ்திரி ஒப்பந்தம் 9,75,000 மனிதரைக் கணக்கிட்டது. 5,25,000 பேர் இந்தியாவுக்கு. 3,00,000 பேர் இலங்கைக்கு. மீதி 1,50,000 பேரைப் பற்றிப் பின்னர் பேசுவோம் என்றது. 1974இல் அந்த மீதியையும் இரு நாடுகளும் சரிபாதியாகப் பங்கிட்டுக்கொண்டன. அவர்களில் ஒருவரையும் கேட்கவில்லை. வைரத்தைக் கரட்டால் எடை போடுபவனும் தேயிலையை இறாத்தலால் நிறுப்பவனும் மனிதரை இலட்சத்தால் பிரிப்பவனும் ஒரே தராசைத்தான் கையில் வைத்திருக்கிறார்கள். நாடற்றோராய் எஞ்சியிருந்தவர்களுக்குக் குடியுரிமை வழங்கும் சட்டம் 2003இல்தான் வந்தது. 2023இல் மலையக மக்களின் இருநூறாண்டு நினைவு கூரப்பட்டபோது, அவர்கள் எழுப்பிய முதற் கோரிக்கைகளில் காணியும் வீடும் இருந்தன. இருநூறு ஆண்டுகளாக ஒரு மண்ணை உலகப் படத்தில் இடம்பெறச் செய்தவர்களிற் பலருக்கு அந்த மண்ணில் தம் பெயரில் ஓர் உறுதிகூட இல்லை என்பதே இம்மலையின் முதன்மையான புவியியல் உண்மை. பாடநூலின் முதல் வரி இதுவாக இருந்திருக்கவேண்டும்.

பாடநூலை மாற்றும் அதிகாரம் ஆசிரியனுக்கு இல்லாமலிருக்கலாம். ஆனால் பாடநூலைப் படிக்கும் முறையை மாற்ற எவருடைய அனுமதியும் வேண்டியதில்லை. பேக்கரை மாணவர்கள் படிக்கட்டும். படித்து, அவர் எவற்றுக்குப் பெயர் கொடுத்தார், எவற்றுக்குக் கொடுக்கவில்லை என்று இரண்டு பட்டியல் எழுதட்டும். கிம்பளியின் வரலாற்றை ஹட்டனின் வரலாற்றோடு பக்கத்தில் வைத்துப் பார்க்கட்டும். மாணவர் ஒவ்வொருவரும் தம் தோட்டத்தின் படத்தைத் தாமே கீறட்டும். ஐந்தாம் நம்பர் மலையென்று ஏட்டில் இருப்பதை வீட்டிலுள்ள முதியோர் எப்பெயரால் அழைக்கிறார்கள்? எந்த ஓடையின் கரையில் முதல் லயம் கட்டப்பட்டது? அதற்கு முன் அங்கே எந்தச் சிங்களக் கிராமத்தின் மாடு மேய்ந்தது? எந்த ஆண்டு வேலைநிறுத்தத்தில் யார் யாருக்குப் பற்றுச்சீட்டு கொடுத்துத் தோட்டத்தைவிட்டு அனுப்பினார்கள்? இவற்றைக் கேட்டு எழுதுவதற்குப் பல்கலைக்கழகப் பட்டம் தேவையில்லை. ஒரு கொப்பியும் கேட்கும் காதும் போதும். ஆனால் காலம் இல்லை. அப்பெயர்களை அறிந்த கடைசித் தலைமுறை நம் கண்ணெதிரே மறைந்துகொண்டிருக்கிறது.

கசாயின் வைரம் தோண்டத் தோண்டக் குறையும். தேயிலையும் ஒருநாள், கோப்பி போனதுபோலப் போகலாம். அவை போன பின்னும் மக்கள் இருப்பார்கள். மண்ணைத் தோண்டி மணி எடுத்தவர்களின் நூல்கள் நிறைய வந்துவிட்டன. மண்ணுக்குள்ளும் மண்மேலும் கிடக்கும் மனிதப் பெயர்களை எடுத்து எழுதும் நூல்கள் இனிமேல்தான் வரவேண்டும். அவற்றை எழுதவேண்டியவர்கள் இன்று நம் வகுப்புகளில் அமர்ந்து, பீதுருதலாகலையின் உயரத்தை மனனஞ் செய்துகொண்டிருக்கிறார்கள்.